வெட்டுனத பாத்தேன்னு சாட்சி சொல்றாரு, போஸ்ட்மார்ட்டத்துல வெட்டுக்காயமே இல்ல

கேள்வி: எங்க அண்ணன் கொலை கேஸ்ல ஏ1, அதாவது முதல் குற்றவாளின்னு சேத்துருக்காங்க. அருவாளால தலையில வெட்டுனத நேர்ல பாத்தேன்னு ஒருத்தர் சாட்சி. போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட்டுல லேசரேட்டட் காயம்னுதான் இருக்கு, அதாவது மொட்டையான பொருளால அடிபட்டு கிழிஞ்ச காயம். இத வச்சே விடுதலை ஆயிடுமா சார்?

பதில்: தம்பி, நல்ல பாயிண்ட்டுதான், ஆனா இது ஒண்ணே போதும்னு நம்பி உக்காந்துராதீங்க. கோர்ட்டு பொதுவா கண்ணால பாத்தவங்க பேச்சத்தான் பெருசா எடுத்துக்கும், டாக்டர் சொல்றது ஒரு கருத்துதான், சாட்சி சொல்ற மாதிரி அந்தக் காயம் விழுந்திருக்கவே முடியாதுங்குற அளவுக்கு மருத்துவ சாட்சியம் போனாத்தான் சாட்சி அடிபடுவாரு, 1983ல சோலங்கி சிமன்பாய் கேஸ்ல சுப்ரீம் கோர்ட்டு சொன்னது இதான்.

அதனால டாக்டர கிராஸ் (குறுக்கு விசாரணை) பண்றதுலதான் எல்லாம் இருக்கு. தலையில தோலுக்கு அடியிலயே எலும்பு இருக்குறதால கட்டையால அடிச்சாக்கூட வெட்டுன மாதிரி நேரா பிளந்துக்கும், லென்ஸ் வச்சு உத்துப் பாத்தாத்தான் வித்தியாசம் தெரியும். கட்டையடின்னா ஓரம் நசுங்கியிருக்கும், பிளவுக்குள்ள இந்தப் பக்கத்துக்கும் அந்தப் பக்கத்துக்கும் நூல் நூலா சதை ஒட்டிட்டு நிக்கும், முடிவேர் நசுங்கிப் போயிருக்கும். கூரான அருவான்னா முடி கத்திரிச்ச மாதிரி அறுந்திருக்கும், எலும்புலயும் வெட்டு பதிஞ்சிருக்கலாம். டாக்டர் இதையெல்லாம் பாத்துட்டுத்தான் லேசரேட்டட்னு எழுதுனாரான்னு உங்க வக்கீல் ஒவ்வொண்ணா கேட்டு பதிவு பண்ண வைக்கணும். போலீஸ் கைப்பத்துன அருவாள டாக்டர்கிட்ட காட்டி, இதால இந்தக் காயம் வருமான்னு பிபி (அரசு வக்கீல்) கேக்குறாரான்னும் கவனிங்க, கேக்கலைன்னா அதுவும் உங்களுக்குத்தான் சாதகம்.

அருவாளத் திருப்பிப் பின்பக்கத்தால அடிச்சிருக்கலாமேன்னு பிபி வாதம் வைக்கலாம். இதுக்கு 1974ல வந்த ஹல்லு கேஸ் தீர்ப்பு உங்களுக்கு ரொம்ப முக்கியம். கோடாலி, ஈட்டியால தாக்குனாங்கன்னு சாட்சி சொன்னா மொட்டைப் பக்கத்தால அடிச்சாங்கன்னு நாமளா நெனச்சுக்க முடியாது, அப்படித்தான் நடந்துச்சுன்னா அத சாட்சி வாயாலயே சொல்ல வைக்க வேண்டியது ப்ராசிக்யூஷன் வேலைன்னு சுப்ரீம் கோர்ட்டு சொல்லிருக்கு. அதனால தயவுசெஞ்சு நம்ம பக்க வக்கீல் அந்த சாட்சிகிட்ட "எந்தப் பக்கத்தால வெட்டுனாரு?"ன்னு கேட்டுறக் கூடாது, கேட்டா "திருப்பித்தான் அடிச்சாரு"ன்னு சொல்லிட்டுப் போயிருவாரு, இருந்த ஓட்டைய நாமளே அடைச்ச மாதிரி ஆயிரும்.

பெயில்லயோ டிஸ்சார்ஜ் மனுவுலயோ (விசாரணைக்கு முன்னாடியே கேஸ்லருந்து விடுவிக்கச் சொல்ற மனு) இத ரொம்ப நம்பாதீங்க, இந்த முரண்பாட்ட ஜட்ஜ் எடை போடுறது விசாரணையிலதான். இப்ப சார்ஜ்ஷீட்டோட வந்த காப்பியில மண்டை எக்ஸ்ரே, காயத்தோட போட்டோ இருக்கான்னு பாருங்க, இல்லன்னா மனு போட்டுக் கேக்கச் சொல்லுங்க, டாக்டர் கூண்டுல ஏறுற வாய்தாவுக்கு முன்னாடி அது வக்கீல் கையில இருக்கணும்.