டைனர் மாதிரி உருளைக்கிழங்கு ஸ்கில்லெட்: கிழங்கு ஒட்டாமல், முட்டை இறுகாமல் செய்வது எப்படி?

டெக்சாஸில் வசிக்கும் ஒரு வாசகி கேட்டிருக்கிறார்: "டைனருக்கு (அமெரிக்காவின் எளிய உணவகம்) காலைச் சாப்பாட்டுக்குப் போனால் சூடான இரும்புச் சட்டியோடு கொண்டுவந்து வைக்கும் உருளைக்கிழங்கு ஸ்கில்லெட் எங்கள் வீட்டில் எல்லாருக்கும் பிடிக்கும். சனிக்கிழமைகளில் வீட்டிலேயே செய்து பார்க்கிறேன். கிழங்கு சட்டியில் ஒட்டிக்கொள்கிறது, கிளறினால் மசிந்துவிடுகிறது. உள்ளே வேகட்டும் என்று விட்டால் வெளியே கருகுகிறது. மேலே உடைத்து ஊற்றும் முட்டை ரப்பராகிவிடுகிறது. என்னிடம் இருப்பது ரஸ்ஸட் கிழங்கு, 12 அங்குல வார்ப்பிரும்புச் சட்டி, கண்ணாடி மேல்தளம் உள்ள மின்சார அடுப்பு. பேக்கன் (உப்பிட்டுப் புகையூட்டிய பன்றி இறைச்சி) சாப்பிடுவதில்லை. நான்கு பேருக்குச் சரியான முறை சொல்லுங்கள்."

பச்சைக் கிழங்கை நறுக்கி நேராகச் சட்டியில் போடுகிறீர்கள் என்று நினைக்கிறேன். நீங்கள் சொல்லும் தொல்லைகளில் முக்கால்வாசி அங்கேதான் ஆரம்பிக்கிறது. உருளைக்கிழங்கில் ஏறக்குறைய ஐந்தில் நான்கு பங்கு தண்ணீர். அது ஆவியாகிக்கொண்டிருக்கும் வரை கிழங்கின் மேல்பகுதி 100 டிகிரி செல்சியஸைத் தாண்டுவது கஷ்டம். பொன்னிறமும் முறுகலும் நன்றாக வர 140 டிகிரிக்கு மேல் வேண்டும். ஒரே சட்டியில், ஒரே தீயில் உள்ளே வேகவைத்து வெளியே முறுகவும் வைக்கப் பார்த்தால் இரண்டில் ஒன்று கெடும். அதனால் வேகவைப்பதை ஒரு வேலையாகவும், முறுகவைப்பதைத் தனி வேலையாகவும் வைத்துக்கொள்ளுங்கள். பல டைனர்களில் கிழங்கை முன்கூட்டியே வேகவைத்து ஆறவைத்திருப்பார்கள். ஆர்டர் வந்த பிறகு அவர்கள் செய்வது சூடான கல்லில் நிறம் ஏற்றுவது மட்டும்தான்.

முதலில் கிழங்கை மாற்றுங்கள். ரஸ்ஸட்டில் மாவுச்சத்து அதிகம், ஈரம் குறைவு. அடுப்பில் சுடவும் ஃபிரெஞ்சு ஃபிரைக்கும் அருமையான கிழங்கு, ஆனால் வெந்ததும் ஓரம் உதிர ஆரம்பித்துவிடும். இந்த வேலைக்கு நான் எடுப்பது யூகான் கோல்ட். கனடாவின் குவெல்ஃப் பல்கலைக்கழகத்தில் உருவாகி 1980இல் வெளிவந்த ரகம். மாவும் ஈரமும் நடுத்தரமாக இருப்பதால் துண்டு துண்டாகவே நிற்கும், உள்ளே வெண்ணெய் போல் இருக்கும். தோல் மெல்லியது, சீவ வேண்டாம். வீட்டில் ரஸ்ஸட்தான் இருக்கிறது என்றால் அதிலும் செய்யலாம், கொதிநேரத்தை ஒரு நிமிடம் குறைத்துக்கொள்ளுங்கள். பச்சை நிறம் ஏறிய கிழங்கு மட்டும் வேண்டவே வேண்டாம்.

இன்னொன்று, பச்சைக் கிழங்கை ஃபிரிட்ஜில் வைக்காதீர்கள். குளிரில் அதன் மாவுச்சத்து கொஞ்சம் கொஞ்சமாகச் சர்க்கரையாக மாறும். அப்படிப்பட்ட கிழங்கு சூடான எண்ணெயில் சீக்கிரமே பழுப்பாகிக் கருகும், அதிக சூட்டில் உருவாகும், உடலுக்கு நல்லதல்லாத அக்ரிலமைடு என்ற வேதிப்பொருளும் கூடுதலாக உண்டாகும். காற்றோட்டமுள்ள இருட்டு அலமாரி போதும்.

நான்கு பேருக்கு 700 கிராம் கிழங்கு. முக்கால் அங்குலச் சதுரங்களாக, கூடியவரை ஒரே அளவில் நறுக்குங்கள். குளிர்ந்த தண்ணீரில் போட்டு, இரண்டு லிட்டருக்கு ஒரு மேசைக்கரண்டி உப்பும் ஒரு மேசைக்கரண்டி வினிகரும் சேர்த்து அடுப்பில் வையுங்கள். வினிகர் எதற்கு என்றால், கிழங்கின் செல்களை ஒட்டிவைத்திருக்கும் பெக்டின் புளிப்பில் சீக்கிரம் கரையாது. அதனால் துண்டுகள் உள்ளே வெந்தும் வடிவம் கலையாமல் இருக்கும். சாப்பிடும்போது புளிப்பு தெரியாது. கொதி வந்ததிலிருந்து ஐந்து நிமிடம் கழித்து ஒரு துண்டைக் கத்தியால் குத்திப் பாருங்கள். கத்தி இறங்க வேண்டும், ஆனால் நடுவில் லேசாகத் தடுக்க வேண்டும். அப்போதே வடித்து, ஒரு பெரிய தட்டில் பரப்பிவிடுங்கள். ஆவி பறந்து, பளபளப்பு போய், மேலே வெள்ளையாக மாவு பூத்தது போல் தெரியும் வரை தொடாதீர்கள். பத்து நிமிடம் ஆகும். இந்தப் பத்து நிமிடத்தைத்தான் நிறைய பேர் மிச்சம் பிடிக்கப் பார்க்கிறார்கள். முறுகலே இதில்தான் இருக்கிறது, தயவுசெய்து விட்டுவிடாதீர்கள்.

வெள்ளிக்கிழமை இரவே இதைச் செய்து, ஆறியதும் டப்பாவில் போட்டு ஃபிரிட்ஜில் வைத்துவிட்டால் இன்னும் நல்லது. வெந்த கிழங்குக்கு ஃபிரிட்ஜ் கெடுதல் செய்யாது. மாவுச்சத்து இறுகிக்கொள்வதால் மறுநாள் சட்டியில் புரட்டும்போது உடையவே உடையாது. காலையில் அரை மணி நேரத்தில் சாப்பிட உட்கார்ந்துவிடலாம்.

இப்போது சட்டி. வார்ப்பிரும்பைப் பற்றி ஒரு தவறான எண்ணம் இருக்கிறது, அது சூட்டைச் சமமாகப் பரப்பும் என்று. உண்மையில் அலுமினியத்தோடு ஒப்பிட்டால் மிக மெதுவாகத்தான் பரப்பும். ஏறிய சூட்டை விடாமல் பிடித்துவைத்திருப்பதுதான் அதன் பலம். மின்சார அடுப்பில் முழு வேகத்தில் வைத்தால் வளையத்துக்கு மேலே உள்ள இடம் மட்டும் தகிக்கும், ஓரம் வெதுவெதுப்பாகவே கிடக்கும். நடுத்தரத்துக்குச் சற்றுக் கீழே வைத்து ஏழெட்டு நிமிடம் காயவிடுங்கள். கண்ணாடித் தளத்தின் மேல் சட்டியை இழுக்காதீர்கள், தூக்கித்தான் நகர்த்த வேண்டும். புதுச் சட்டி என்றால், தோசைக்கல்லைப் பழக்குவது போல எண்ணெய் தடவிக் காய்ச்சிப் பழக்கிவிட்டுத்தான் கிழங்குக்குக் கொண்டுவர வேண்டும்.

சட்டி காய்ந்ததும் மூன்று மேசைக்கரண்டி எண்ணெய். கனோலாவோ அவகாடோ எண்ணெயோ எதுவும் சரி. வெண்ணெயை இந்தக் கட்டத்தில் போட்டால் அதிலுள்ள பால்பொருள் கருகிவிடும். நெய் என்றால் கவலையில்லை. முதலில் ஒரே ஒரு துண்டைப் போட்டுப் பாருங்கள். சொய்ங் என்று உடனே சத்தம் வந்தால் மற்றதையும் பரப்புங்கள், ஒரே அடுக்காக. 12 அங்குலச் சட்டியில் 700 கிராம் தாராளமாகப் பிடிக்கும். 10 அங்குலம் என்றால் 450 கிராமுக்கு மேல் போடாதீர்கள், நெருக்கினால் கிழங்கு தன் ஆவியிலேயே புழுங்கும்.

பரப்பிய பிறகு ஐந்து நிமிடம் கரண்டியைக் கீழே வைத்துவிடுங்கள். கிழங்கின் மாவு சூடான இரும்பில் முதலில் பிடித்துக்கொள்ளத்தான் செய்யும். அடிப்பக்கம் முறுகி இறுகியதும் தானாகவே விடும். அதற்கு முன்னால் நீங்கள் கிளறும்போதுதான் மேல்தோல் பிய்ந்து சட்டியில் தங்குகிறது. கவனித்துக் கேட்டால் சத்தமே சொல்லும். ஆரம்பத்தில் ஈரமான, கொதிப்பது போன்ற இரைச்சல். ஈரம் போகப் போக அது அடங்கி, மெல்லிய படபடப்பாக மாறும். துண்டுகளின் கீழ் ஓரத்தில் பழுப்புக் கோடு ஒன்று ஏறிவரும். அப்போது தட்டையான தோசைத் திருப்பியை அடியோடு செலுத்திப் புரட்டுங்கள். மறுபடி மூன்று நான்கு நிமிடம் சும்மா விடுங்கள். மொத்தம் 12 முதல் 15 நிமிடம். பொன்னிறம் போதும், கரும்பழுப்பு வரை போக வேண்டாம்.

வெங்காயத்தையும் குடைமிளகாயையும் எப்போது போடுவது? கிழங்கோடு சேர்த்துப் போட்டால் அவை விடும் தண்ணீரில் முறுகல் போய்விடும். கிழங்கு நிறம் பிடித்த பிறகு ஓரமாக ஒதுக்கி, காலியான இடத்தில் ஒரு பெரிய வெங்காயம், ஒரு குடைமிளகாய் போட்டு நான்கைந்து நிமிடம் வதக்கிவிட்டுக் கலந்துகொள்ளுங்கள். பூண்டு கடைசி நிமிடத்தில். பாப்ரிகாத் தூளும் (காரம் குறைந்த சிவப்பு மிளகாய்த்தூள்) அப்படித்தான், முன்னாலேயே போட்டால் கருகிக் கசக்கும்.

பேக்கன் இல்லாததால் குறைவது மூன்று: கொழுப்பு, உப்பு, புகை வாசம். எண்ணெயோடு ஒரு கரண்டி நெய் சேர்த்தால் முதலாவது சரியாகும். புகையூட்டிய பாப்ரிகா ஒரு தேக்கரண்டி போட்டால் வாசம் வந்துவிடும். உப்புக்கு 80 கிராம் சுவை தூக்கலான (sharp) செடார் சீஸ். இறைச்சி வேண்டும் என்றால் முன்பே வெந்த சிக்கன் சாசேஜ் 200 கிராம் எடுத்து வட்டமாக நறுக்கி, கிழங்குக்கு முன்னால் அதே சட்டியில் சிவக்க வறுத்துத் தனியே வைத்துக்கொள்ளுங்கள். உப்பு ஏற்கெனவே கொதிநீரிலும் சீஸிலும் இருக்கிறது, ருசி பார்த்த பிறகு போடுங்கள்.

முட்டை ரப்பராவதற்குக் காரணமும் சட்டிதான். வெள்ளைக்கரு 62, 63 டிகிரியிலேயே இறுகத் தொடங்கும், உங்கள் இரும்போ அதைவிட இரண்டு மடங்குக்கு மேல் சூடாக இருக்கிறது. எனவே முட்டைக்கு முன் தீயைக் குறைத்து, இரண்டு நிமிடம் பொறுங்கள். கிழங்கில் நான்கு குழிகள் செய்து, குழிக்குள் துளி எண்ணெய் விட்டு, முட்டையை முதலில் ஒரு கிண்ணத்தில் உடைத்து அப்புறம் இறக்குங்கள். சீஸைச் சுற்றிலும் தூவி மூடிபோட்டு மூன்று நிமிடம். மஞ்சள் கருவைச் சுற்றியுள்ள வெள்ளை இன்னும் லேசாக ஆடும்போதே அடுப்பிலிருந்து தூக்கிவிடுங்கள், மிச்சத்தைச் சட்டியின் சூடு பார்த்துக்கொள்ளும். சின்னக் குழந்தைகளும் கர்ப்பிணிகளும் சாப்பிடுவதாக இருந்தால் மஞ்சள் கருவும் முழுதாக இறுகும் வரை வையுங்கள், அந்த விஷயத்தில் ருசிக்காகச் சமரசம் வேண்டாம். ஒருவருக்கு இளகலாக, இன்னொருவருக்குக் கெட்டியாக வேண்டும் என்றால் முட்டையைத் தனி வாணலியில் போட்டு மேலே வைப்பதுதான் நிம்மதி.

மேலே வெங்காயத்தாள், மிளகுத்தூள். தக்காளி சாஸ், ஹாட் சாஸ் எல்லாம் தட்டில் வைத்துக்கொள்ளுங்கள், புளிப்பான எதையும் சட்டியில் ஊறவிட்டால் பழக்கிய பூச்சு போகும். சாப்பிட்டு முடித்ததும் வெந்நீரில் தேய்த்து, அடுப்பில் வைத்துக் காயவைத்து, ஒரு சொட்டு எண்ணெய் துடைத்து வையுங்கள்.

வேலைநாளில் அவசரம் என்றால் கடையில் கிடைக்கும் உறைந்த கிழங்குத் துண்டுகள் தவறில்லை. அவை ஏற்கெனவே அரைவேக்காடாக வெந்தவைதான். உறைநிலையிலிருந்து நேராகச் சூடான எண்ணெயில் போடுங்கள், வெளியே வைத்து உருகவிட்டால் நீர்விட்டு மறுபடி ஒட்டும்.