அடுக்கை ஏன் கூட்டுகிறோம்?

கேள்வி: எட்டாவது படிக்கும் என் மகள் 3அ²-ஐ 4அ³-ஆல் பெருக்கி 12அ⁶ என்று எழுதினாள், தவறு, 12அ⁵ என்று திருத்தி வந்திருக்கிறது. மூன்றையும் நான்கையும் பெருக்கணும், மேலே இருக்கும் இரண்டையும் மூன்றையும் மட்டும் கூட்டணுமா, இது என்ன நியாயம் என்று கேட்கிறாள். என்ன சொல்வது? (புத்தகத்தில் எக்ஸ் என்று இருக்கிறது, நான் அ போட்டிருக்கிறேன்.)
- வாசகி, குடியாத்தம்

பதில்: நல்ல கேள்வி கேட்டிருக்கிறாள், "விதி அப்படித்தான், மனப்பாடம் பண்ணு" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். ஒரு தாளை எடுத்து, அடுக்கே போடாமல் நீட்டி எழுதச் சொல்லுங்கள்: 3 × அ × அ × 4 × அ × அ × அ. இப்போது அ எத்தனை இருக்கிறது என்று விரல் வைத்து எண்ணட்டும். ஐந்துதான். மேலே சின்னதாக எழுதுகிறோமே, அது பெருக்க வேண்டிய எண்ணே இல்லை, அ எத்தனை முறை வந்திருக்கிறது என்ற எண்ணிக்கை. காட்பாடி ஜங்ஷனில் இரண்டு பெட்டியோடு மூன்று பெட்டியைக் கோர்த்தால் ஐந்து பெட்டி, ஆறு என்று யாராவது சொல்வார்களா? முன்னால் நிற்கும் 3, 4 அப்படி இல்லை, அவை நிஜமான எண்கள், கெழுக்கள், அதனால் அவற்றைப் பெருக்கித்தான் ஆகவேண்டும்.

அவள் எழுதிய ஆறு எப்போது வரும் தெரியுமா, (அ²)³ என்று இருந்தால்! இரண்டு பெட்டி கொண்ட வண்டி மூன்று, ஆக ஆறு பெட்டி. நம் நாட்டுப் பழைய சமஸ்கிருதக் கணக்கு நூல்கள் இந்த இரண்டையும் பெயரிலேயே பிரித்து வைத்திருக்கின்றன: (வர்க்கம் என்றால் இரண்டாம் அடுக்கு, கனம் என்றால் மூன்றாம் அடுக்கு) ஆறாம் அடுக்குக்குக் கனவர்க்கம், அதாவது கனத்தின் வர்க்கம்; ஐந்தாம் அடுக்குக்கு வர்க்க-கன-காதம், வர்க்கத்தையும் கனத்தையும் பெருக்கி வந்தது. உங்கள் மகள் தடுமாறிய அதே இடம்.

அப்புறம், விடையைச் சரிபார்க்க அ-வுக்குப் பதில் 2 போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். 3அ² என்பது 12, 4அ³ என்பது 32, பெருக்கினால் 384. 12அ⁵-ம் 384 தருகிறது, 12அ⁶ போட்டால் 768. ஆனால் 1 மட்டும் போடக்கூடாது, ஒன்றை எத்தனை முறை பெருக்கினாலும் ஒன்றுதான் என்பதால் தப்பான விடையும் சரி மாதிரியே தெரியும். இன்னொன்று, அ² × அ² கொடுத்துச் சோதிக்காதீர்கள், கூட்டினாலும் நான்கு, பெருக்கினாலும் நான்கு. பல வருடம் பாடம் நடத்தியும் நானே இந்தக் கணக்கைக் கொடுத்துப் பிள்ளைகளுக்குப் புரிந்துவிட்டது என்று நம்பியிருக்கிறேன்.

கேள்வி: 5அ²ஆ × -2அஆ³ என்ற கணக்கில் சில எழுத்துக்கு மேல் எண்ணே இல்லை. பூஜ்ஜியம் என்று எடுத்துக்கொள்ளலாமா?
- மாணவர், ஆரணி

பதில்: கூடாது தம்பி. எண் இல்லை என்றால் அந்த எழுத்து ஒரு முறை வந்திருக்கிறது என்று அர்த்தம், அடுக்கு 1. அ-க்கள் இரண்டும் ஒன்றும் மூன்று, ஆ-க்கள் ஒன்றும் மூன்றும் நான்கு, ஐந்தும் மைனஸ் இரண்டும் மைனஸ் பத்து: -10அ³ஆ⁴. அ-வை அ-வோடும் ஆ-வை ஆ-வோடும் மட்டும் சேருங்கள். இதெல்லாம் பெருக்கலுக்குத்தான், 3அ² + 4அ³ என்று கூட்டல் குறி வந்தால் அப்படியே விட்டுவிடுங்கள், 7அ⁵ என்று எழுதிவிட வேண்டாம். அங்கேயும் 2 போட்டுப் பாருங்கள், ஒன்று 44, மற்றது 224.