தோமெக்கைப் படைத்தவர்

கேள்வி: போலந்தில் சிறுவர்கள் விரும்பிப் படித்த சாகச எழுத்தாளர் யார்?

பதில்: ஆல்ஃபிரெட் ஷ்க்லார்ஸ்கியைத்தான் சொல்வேன். 1912-ல் சிகாகோவில் பிறந்து, பதின்ம வயதில் போலந்துக்கு வந்தவர். இரண்டாம் உலகப் போரில் ஜெர்மனி போலந்தை ஆக்கிரமித்திருந்தபோது, ஜெர்மானியர்கள் நடத்திய போலிஷ் பத்திரிகைகளில் கதை எழுதியதற்காகப் போருக்குப் பின் தண்டனை பெற்று, 1953 வரை சிறையில் இருந்தார். கட்டோவிட்சே நகரில் ஒரு பதிப்பகத்தில் வேலை பார்த்துக்கொண்டே தோமெக் என்ற சிறுவனின் சாகசங்களைச் சொல்லும் நாவல் தொடரை எழுதினார். தொடரின் முதல் நாவல் 1957-ல் வெளிவந்தது.

அதன் தொடக்கம் எனக்கு மிகவும் பிடிக்கும். 1902, வார்சா. ரஷ்ய ஜார் ஆட்சி நடக்கிறது. வகுப்பில் புவியியல் பாடம். தோமெக்கின் அப்பா ஜாருக்கு எதிரான சதியில் ஈடுபட்டு, நாட்டை விட்டே தப்பியோடியவர். மிருகக்காட்சிசாலைகளுக்கு விலங்குகளைப் பிடித்துக் கொடுக்கும் வேலையில் இருக்கும் அவர், மகனையும் ஆஸ்திரேலியாவுக்குக் கூட்டிப்போகிறார். கங்காரு வேட்டையைவிட, சொந்த ஊர் திரும்ப முடியாத அந்த மனிதரின் ஏக்கம்தான் என் மனதில் நின்றது. போலந்து அந்நியர் ஆட்சியில் இருந்த, சொந்த நாடே இல்லாத காலத்துப் பையன் உலகத்தையே சுற்றுகிறான், பாருங்கள்!

பக்கத்துக்குப் பக்கம் அடிக்குறிப்புகள்: விலங்கின் லத்தீன் பெயர், ஆற்றின் போக்கு, பழங்குடிகளின் வழக்கம். அவற்றைத் தாண்டிப் போகாமல் படியுங்கள். ஆனால் பழங்குடிகளைப் பற்றிய சில பார்வைகள் அந்தக் காலத்தவை. குழந்தைகளுக்குக் கொடுக்கும்போது கூட உட்கார்ந்து பேசுவது நல்லது. இமயமலையின் ‘யெட்டி’ பனிமனிதனின் பெயரைத் தலைப்பில் கொண்ட 1961 நாவலில் தோமெக் இந்தியாவுக்கும் வருகிறான்.

ஷ்க்லார்ஸ்கி 1992-ல் காலமானார். பாதியில் நின்ற, எகிப்தில் நடக்கும் தோமெக் நாவலை அவர் குறிப்புகளைக் கொண்டு ஆடம் ஜெல்கா முடிக்க, 1994-ல் அது வெளிவந்தது.