லா நினா வருகிறதாம், மிளகாய்க் கன்று நடலாமா?

கேள்வி: வணக்கம் ஐயா. பினாங்கு, நிபோங் திபால் பக்கம் ஓர் ஏக்கர் குத்தகை நிலத்தில் குலாய் ரக மிளகாய் போடுகிறேன். நாற்றுத் தட்டில் 5,000 கன்று நடவுக்குத் தயாராக நிற்கிறது. நவம்பர் நடுவில் நடலாம் என்றிருந்தேன். ஆனால் இந்த வடகிழக்குப் பருவமழை இயல்புக்கு மேல் இருக்க 40 விழுக்காடு வாய்ப்பு, லா நினா வேறு சேர்ந்துகொள்ளும் என்று செய்தியில் கேட்டதிலிருந்து தூக்கம் இல்லை. மருந்துக் கடைத் தவுக்கே (முதலாளி), "இந்த வருஷம் காய் எல்லாம் அழுகிப்போகும், இப்பவே வாங்கி வச்சுக்க" என்று பூஞ்சைக்கொல்லி, ஒட்டுப்பசை, டானிக் எல்லாம் சேர்த்து 1,800 ரிங்கிட்டுக்குக் கொடுத்துவிட்டார். பாதி கடன். போன அக்டோபர் மழையில் கூடை கூடையாக அழுகல் காயைக் கொட்டினேன், அந்தப் பயம் இன்னும் போகவில்லை. நடவை ஜனவரிக்குத் தள்ளலாமா? நட்ட நாளிலிருந்தே மருந்து அடிக்கலாமா?

பதில்: தம்பி, நடுங்கள். ஜனவரி வரை தட்டில் வைத்திருந்தால் கன்று முற்றி, வேர் சுற்றிக்கொண்டு, நட்டாலும் எழுந்திருக்காது. மருந்தை இப்போது தொடாதீர்கள். நீங்கள் கேட்டதற்கு இவ்வளவுதான் பதில். கேட்காமல் விட்ட ஒன்று இருக்கிறது, அதற்குத்தான் நேரம் எடுத்து எழுதுகிறேன்.

முதலில் அந்தச் செய்தி. நாம் தமிழில் 'பருவமழை' என்று சொல்லிப் பழகிவிட்டோம். வீட்டில் சென்னைத் தொலைக்காட்சி ஓடுகிறது, அதில் 'வடகிழக்குப் பருவமழை தீவிரம்' என்று கேட்கிறோம், அதே சொல்லை இங்கே உள்ள செய்தியிலும் கேட்டுப் பயப்படுகிறோம். சென்னை வங்கக் கடலைப் பார்த்து உட்கார்ந்திருக்கிறது, அதனால் அங்கே அந்தக் காற்று மழையைக் கொண்டுவருகிறது. நம் நாட்டில் அப்படி உட்கார்ந்திருப்பவை கிளந்தான், திரங்கானு, பகாங். சைபீரியாவில் குளிர்காலத்தில் கனத்த குளிர்க்காற்று சேர்ந்து, அவ்வப்போது சீனா வழியாகத் தெற்கே பீறிட்டு வருகிறது. தென்சீனக் கடலைக் கடக்கும்போது ஈரத்தை உறிஞ்சிக்கொண்டு கிழக்குக் கரையில் கொட்டுகிறது. வானிலைத் துறை 'லோஞ்சாக்கான் மொன்சூன்' என்று சொல்வது இந்தப் பீறிடலைத்தான். நமக்கும் அவர்களுக்கும் நடுவில் தித்திவங்சா மலைத்தொடர் நிற்கிறது. மழையை அந்தப் பக்கம் இறக்கிவிட்டு இந்தப் பக்கம் வருவது பெரும்பாலும் வெறும் காற்று. பினாங்கில் இருக்கும் நாம் அதைப் பருவக்காற்று என்று சொல்வதுதான் பொருத்தம்.

உங்களுக்கே இது தெரியும், யோசித்துப் பாருங்கள். தைப்பூசத்தன்று தண்ணீர்மலைக்கு நடக்கும்போது தார் ரோடு உள்ளங்காலைச் சுட்டு, யாராவது தண்ணீர் ஊற்ற மாட்டார்களா என்றிருக்கும். காலண்டர்படி அது வடகிழக்குப் பருவத்தின் நடுப்பகுதி. பாயான் லெப்பாஸ் வானிலை நிலையத்தின் நீண்டகாலச் சராசரியில் ஜனவரி, பிப்ரவரி இரண்டுமே 100 மில்லிமீட்டருக்குக் கீழே. செப்டம்பரும் அக்டோபரும் 300-ஐத் தாண்டும். நம் பெருமழை பருவம் மாறும் நேரத்தில், மாலை இடிமழையாக வருவது. போன அக்டோபரில் உங்கள் காயை அழுகவைத்தது அதுதான்.

அடுத்து அந்த 40 விழுக்காடு. பருவ முன்னறிவிப்பு சொல்பவர்கள் 30 வருட மழைக் கணக்கை வைத்துக்கொள்கிறார்கள், இப்போது 1991 முதல் 2020 வரை. அதை மூன்று சம பங்காகப் பிரிக்கிறார்கள்: குறைவான 10 வருடம், நடுத்தரமான 10, அதிகமான 10. எதுவுமே தெரியாவிட்டாலும் ஒவ்வொன்றுக்கும் 33 விழுக்காடு வாய்ப்பு உண்டு. அந்த 33 இப்போது 40 ஆகியிருக்கிறது, அவ்வளவுதான். இதே சொல்லைப் பத்து வருடம் கேட்டால் நான்கு வருடம் மழை கூடுதலாக இருக்கும், ஆறு வருடம் இருக்காது. இதில் பொய் எதுவும் இல்லை, சொல்பவர்கள் கவனமாகத்தான் சொல்கிறார்கள். கேட்கும் நாம்தான் 40 என்ற எண்ணை விட்டுவிட்டு 'அதிகம்' என்ற சொல்லை மட்டும் பிடித்துக்கொள்கிறோம்.

இன்னொன்றும் உண்டு. எந்த மாதத்தின் இயல்புக்கு மேல் என்று கேட்க வேண்டும். 70, 80 மில்லிமீட்டர் பெய்கிற ஜனவரியில் அதற்கு மேல் 30 பெய்தாலும் அது காய்ந்த மாதம்தான். அக்டோபரில் இரண்டு மாலை மழையில் இறங்கிவிடுகிற தண்ணீர் அது. லா நினாவும் அப்படித்தான். பசிபிக்கின் நடுப்பகுதியில் கடல் மேற்பரப்பு வழக்கத்தைவிட அரை டிகிரிக்கு மேல் குளிர்ந்து, மாதக்கணக்கில் அப்படியே நின்றால் அந்தப் பெயர் வைக்கிறார்கள். அதன் கை சபா, சரவாக் பக்கம் தெரிகிற அளவுக்கு நம் மேற்குக் கரையில் தெரிவதில்லை. 2020-இலிருந்து 2023 தொடக்கம் வரை மூன்று குளிர்காலம் தொடர்ந்து லா நினா இருந்தது. அப்போதும் நிபோங் திபாலில் மிளகாய் போட்டவர்கள் காய் பறித்தார்கள்.

அதற்காக நவம்பரை நம்பிவிடக் கூடாது. 2017 நவம்பர் 4, 5 தேதிகளில் பினாங்கு மூழ்கியது நினைவிருக்கும். மூன்று மாதச் சராசரியைச் சொல்லும் எந்த முன்னறிவிப்பிலும் அந்த ஓர் இரவு இருக்காது. அதற்கு வேண்டியது மேட்டுப்பாத்தியும் திறந்த வடிகானும். பாத்தி ஓர் அடி உயரம் இருக்கட்டும். கான் வாயில் புல்லோ பழைய பிளாஸ்டிக்கோ அடைத்திருந்தால் நடவுக்கு முதல் நாளே அள்ளிவிடுங்கள். மிளகாய் வேர் ஒரு நாள் முழுக்கத் தண்ணீரில் நின்றால் அதற்கப்புறம் எந்தப் புட்டியும் உதவாது.

அன்றாட அறிவிப்பை வேறு மாதிரி படிக்க வேண்டும். வானிலைத் துறையின் மைசுவாச்சா செயலியில் 'சத்து துவா தெம்பாட்' (ஓரிரு இடங்களில்) என்றிருந்தால் உங்கள் நிலத்தில் பெய்யாமல் போகத்தான் வாய்ப்பு அதிகம். 'பெபெராப்பா தெம்பாட்' (சில இடங்களில்) என்றால் பெய்தாலும் பெய்யும். 'கெபான்யாக்கான் தெம்பாட்' (பெரும்பாலான இடங்களில்) என்று பார்த்தால் அன்று மருந்துத் தெளிப்பானை வெளியே எடுக்காதீர்கள். இவை மழை எத்தனை இடத்தில் விழும் என்பதைச் சொல்கின்றன, எவ்வளவு பலமாக என்பதைச் சொல்வதில்லை. பலத்துக்குத் தனி எச்சரிக்கை உண்டு. மணிக்கு 20 மில்லிமீட்டருக்கு மேல், ஒரு மணி நேரத்தைத் தாண்டும் என்றால் இடிமழை எச்சரிக்கை கொடுப்பார்கள், அதன் ஆயுள் அதிகம் போனால் ஆறு மணி நேரம். 'வஸ்பாடா, பூரோக், பஹாயா' (கவனம், மோசம், ஆபத்து) என்ற மூன்று படி தொடர்மழைக்கானது, அதில் பெரும்பாலும் கிழக்குக் கரையின் பெயரைத்தான் பார்ப்பீர்கள். மாநிலத்தின் பெயரைப் படித்துவிட்டுப் பயப்படுங்கள்.

சரி, இப்போது நீங்கள் கேட்டிருக்க வேண்டிய கேள்வி. நவம்பர் நடுவில் நட்டால் டிசம்பர் கடைசியில் செடி பூவோடு நிற்கும், ஜனவரி கடைசியிலிருந்து காய். அந்த நேரத்தில் உங்கள் எதிரி வறண்ட காற்றும், அதில் பெருகும் இலைப்பேனும், கூடவே சிலந்திப்பேனும், குளத்துத் தண்ணீரும்தான்.

டிசம்பர் பாதியிலிருந்து காலையில் ஒரு வெள்ளைத் தாளை எடுத்துக்கொண்டு போங்கள். மலர்ந்த பூவை அதன் மேல் பிடித்து விரலால் இரண்டு தட்டு தட்டுங்கள். மஞ்சளாக, மயிரிழை போல ஊர்ந்தால் இலைப்பேன். கொழுந்து இலை ஓரம் மேல்நோக்கிப் படகு போல மடிந்தால் அதன் வேலை. கீழ்நோக்கிக் கவிழ்ந்து, இலை ஒடுங்கி, காம்பு நீண்டால் சிலந்திப்பேன். இந்த வித்தியாசத்தைப் பார்க்காமல் 'சுருட்டை' என்று மட்டும் கடையில் போய்ச் சொன்னால், ஒன்றுக்கு அடிக்கிற மருந்தை மற்றதற்குக் கொடுப்பார்கள், ஒரு மாதம் போய்விடும். பாத்தியில் சில்வர்ஷைன் என்ற வெள்ளி நிறப் பிளாஸ்டிக் விரிப்பைப் புதிதாகப் போடுங்கள். போன பயிரின் மண் படிந்த பழையதைத் திருப்பிப் போடுவதில் மிச்சம் பிடிக்க வேண்டாம். அதன் பளபளப்புதான் இலைப்பேனைக் குழப்பி விரட்டுகிறது.

உங்கள் பக்கம் கடலும் கிரியான் ஆறும் கிட்டத்தில். மழை நின்றதும் தாழ்வான குளங்களில் உப்பு ஏறும். மிளகாய் உப்புத் தாங்காத பயிர். உரக் கரைசலுக்கு வைத்திருக்கும் ஈசி மீட்டரை (தண்ணீரில் கரைந்த உப்பை அளக்கும் கருவி) ஜனவரியிலிருந்து வாரம் ஒரு முறை வெறும் குளத்துத் தண்ணீரில் விட்டுப் பாருங்கள். 1 mS/cm-ஐத் தாண்டினால் கவனம், 1.5-க்குப் போனால் வேறு தண்ணீர் தேடுங்கள். டிசம்பரிலேயே ஒரு தொட்டி நல்ல தண்ணீர் பிடித்து வைப்பது உத்தமம்.

இதையெல்லாம் விட நான் கெஞ்சிக் கேட்பது ஒன்று: நிலத்தில் ஒரு மழைமானி வையுங்கள். 30 வருடமாக யார் வந்து கேட்டாலும் முதலில் இதைத்தான் சொல்கிறேன். பத்தில் ஒருவர்தான் செய்கிறார், அந்த ஒருவர் அப்புறம் என்னிடம் மழையைப் பற்றிக் கேட்பதே இல்லை. கடையில் விற்கும் பிளாஸ்டிக் மானி சில ரிங்கிட்தான். அதுவும் வேண்டாம் என்றால் அடியும் வாயும் ஒரே அகலமான மைலோ டின் போதும். மரமோ கூரையோ பக்கத்தில் இல்லாத இடத்தில், இடுப்பு உயரக் கம்பத்தில், ஆடாமல் கட்டுங்கள். தினமும் காலை 8 மணிக்கு உள்ளே ஓர் அடிக்கோலை நிறுத்தி, எத்தனை மில்லிமீட்டர் நனைந்திருக்கிறது என்று பார்த்து, எழுதிவிட்டுக் கொட்டுங்கள். பெய்யாத நாளுக்கும் 0 என்று எழுத வேண்டும். அந்த 0 வரிசைதான் தை மாதத்தில் உங்களைக் காப்பாற்றும்.

ஒரு மில்லிமீட்டர் என்பது ஒரு சதுர மீட்டரில் ஒரு லிட்டர். உங்கள் ஏக்கரில் 10 மில்லிமீட்டர் பெய்தால் 40,000 லிட்டர் வானத்திலிருந்து இறங்கியிருக்கிறது. அதில் பெரும்பகுதி பிளாஸ்டிக் மேல் வழிந்து கானுக்குப் போகும், ஆனாலும் மறுநாள் பம்பை ஓட்டலாமா வேண்டாமா என்று கணக்கு இருக்கும். மருந்துக்கும் இதே டின்தான் கணக்குப்பிள்ளை. இலை மேல் படியும் வகைப் பூஞ்சைக்கொல்லி, 25 மில்லிமீட்டர் மழைக்குப் பாதி போய்விடும், 50-க்கு ஏறக்குறைய எல்லாமே. 5 மில்லிமீட்டர் தூறலுக்கு மறுபடி அடிப்பவர் காசை மண்ணில் ஊற்றுகிறார். 40 பெய்ததை 'நேற்றுதானே அடித்தோம்' என்று விட்டவர் காயை இழக்கிறார். இரண்டு பேருக்கும் அளவு தெரியாது, அதுதான் காரணம்.

ஒரு மாலை ஜூருவில் நின்றுகொண்டிருந்தேன். வடகிழக்கே புக்கிட் மெர்தாஜாம் மலை தெரியாத அளவுக்குக் கறுத்துக் கொட்டியது. என் காலடியில் புழுதி அப்படியே இருந்தது. நடுவில் சில கிலோமீட்டர்தான். செய்தியில் அன்று 'பினாங்கில் மழை' என்றுதான் சொல்லியிருப்பார்கள். உங்கள் ஓர் ஏக்கருக்கு யாரும் முன்னறிவிப்பு எழுதப்போவதில்லை தம்பி. மூன்று வருடம் நோட்டில் எழுதினால் அந்த ஏக்கரின் இயல்பு என்ன என்று நீங்களே சொல்வீர்கள், அதற்கப்புறம் 'இயல்புக்கு மேல்' என்ற சொல்லுக்கு ஓர் அர்த்தம் வரும்.

கடைக்காரர்களைப் பற்றிச் சொல்லாமல் விட முடியாது. எல் நினோ வந்தால் டானிக், லா நினா வந்தால் பூஞ்சைக்கொல்லி, இரண்டும் இல்லாவிட்டால் 'வானிலை குழம்பிப்போச்சு' என்று இரண்டும். வானிலையைச் சாக்காக வைத்து நோய் வருவதற்கு முன்பே மூட்டை கட்டிக் கொடுப்பவரிடம் ஆலோசனை கேட்காதீர்கள், பொருள் மட்டும் வாங்குங்கள். கடனுக்குக் கொடுப்பது உதவி மாதிரித் தெரியும். ஆனால் கடன் இருக்கிறவரை அவர் சொல்லும் புட்டியைத்தான் வாங்குவீர்கள்.

காய் அழுகலுக்கு இப்போது செய்ய வேண்டியது நிலத்தில் இருக்கிறது. போன பயிரின் தூர், விழுந்து காய்ந்த காய், சுருங்கிய காம்பு எல்லாவற்றையும் பொறுக்கி நிலத்துக்கு வெளியே ஆழமாகப் புதையுங்கள். அந்தப் பூஞ்சை அங்கேதான் தூங்குகிறது, மழைத்துளி தெறிக்கும்போது மேலே ஏறுகிறது. அழுகின காயிலிருந்து எடுத்த விதை என்றால் அந்தக் கன்றுகளைத் தனியாக நடுங்கள். செடிக்குச் செடி இரண்டடி கொடுங்கள். காய் வந்தபின் வட்டப்புள்ளி விழுந்த ஒரு காயைப் பார்த்தாலும் பையில் போட்டு வெளியே எடுத்துச் செல்லுங்கள், வரப்பில் வீசாதீர்கள். அதற்குமேல் மழை தொடர்ந்து, டின்னும் நிறைந்தால், அப்போது மருந்து அடிக்கலாம். லேபிளில் உள்ள அறுவடை இடைவெளி நாள்களை எண்ணிக்கொண்டு அடியுங்கள்.

வாங்கியதில் பூஞ்சைக்கொல்லி ஒரே ஒரு பாக்கெட்டை வைத்துக்கொள்ளுங்கள். டானிக்கும் ஒட்டுப்பசையும் மிச்சப் பாக்கெட்டுகளும் சீல் உடையாமல் இருந்தால் ரசீதோடு இந்த வாரமே திருப்பிக் கொடுத்துக் கடனில் கழிக்கச் சொல்லுங்கள். திருப்பி எடுக்க மாட்டேன் என்றால் காலாவதித் தேதி பாருங்கள், நீண்ட தேதி இருப்பதை அடுத்த செப்டம்பருக்கு வைக்கலாம், வெயில் படாத அலமாரியில், பிள்ளைகள் கைக்கு எட்டாமல். டிசம்பரில் கொழுந்து சுருண்டால் மேலேயா கீழேயா என்று பார்த்து, அந்த வார மழைக் கணக்கோடு எனக்கு எழுதுங்கள்.