ஹெல்மெட் இல்லாத ரக்பி ஆபத்தா?

கேள்வி: உயர்நிலை 2 படிக்கும் மகன் சிசிஏவுக்கு (பள்ளி இணைப்பாட நடவடிக்கை) ரக்பியில் சேர்ந்துவிட்டான். அமெரிக்கன் ஃபுட்பாலில் ஹெல்மெட்டாவது உண்டு, இதில் வெறுந்தலை. மூளை அதிர்ச்சி வராதா?
– ஒரு தாயார், ஈசூன்

பதில்: வரும் அம்மா, இரண்டிலும் வரும். ஆனால் ஹெல்மெட்டை ரொம்ப நம்பாதீர்கள். அது மண்டை ஓட்டைக் காக்கும். உள்ளே மூளை குலுங்குவதைத் தடுக்காது. போதாததற்கு, அது இருக்கிற தைரியத்தில் தலையாலேயே முட்டுவார்கள். தலைக்காயத்துக்காக முன்னாள் வீரர்கள் தொடுத்த வழக்கில் அமெரிக்கன் ஃபுட்பால் லீக்கான என்எஃப்எல் கோடிக்கணக்கான டாலர் கொடுக்க வேண்டியதாயிற்று.

ரக்பியில் எதிராளியைக் கையால் அணைத்துத்தான் வீழ்த்த வேண்டும், தோளுக்கு மேல் பிடித்தால் தண்டனை. அதற்காக அது சாதுவான ஆட்டமில்லை. 2003 உலகக் கிண்ணம் வென்ற இங்கிலாந்து வீரர் ஸ்டீவ் தாம்சனுக்கு நாற்பது வயதைத் தாண்டியதுமே மறதிநோய்.

படாங் திடலில் நடுவராக விசில் ஊதிய காலத்தில் நான் பார்த்தது: அடிபட்ட பையன் “ஓகே சார்” என்பான், ஆனால் ஸ்கோர் கேட்டால் முழிப்பான். அவனை உடனே வெளியே அனுப்பிவிடுவேன். உங்கள் மகனுக்கு அப்படி ஆனால் அன்று மறுபடி இறங்கவே கூடாது. தலைவலி கூடினாலோ வாந்தி எடுத்தாலோ நேராக ஏ&இ (மருத்துவமனை அவசரப் பிரிவு).

அப்புறம், பயிற்றுநரிடம் ஒன்று கேளுங்கள்: தலையை எந்தப் பக்கம் வைத்து வீழ்த்தச் சொல்லித் தருகிறீர்கள்?