மூக்குத்தி மீன் எங்கே இருக்கிறது?

அன்புள்ள ஐயா,

உங்கள் ‘மூக்குத்தி மீன்’ கதையைப் படித்த இரவே தண்டையார்பேட்டையில் எங்கள் வீட்டு மொட்டைமாடிக்குப் போய் அந்த நட்சத்திரத்தைத் தேடினேன். துறைமுகத்து விளக்கு வெளிச்சம்தான் தெரிந்தது. அப்படி ஒரு நட்சத்திரமே கிடையாது என்று பிறகு தெரிந்ததும் ஏமாற்றமாகிவிட்டது. கதையில் அது வருஷாவருஷம் சித்திரையில் மறைகிறது, சரி. ஓரிடத்தில் மார்கழியிலும் காணாமல் போகிறதே, அது பிழையா? கடலம்மா மூக்குத்தியை அடகு வைத்த கதை உண்மையிலேயே குப்பத்தில் சொல்வதா? இல்லாத நட்சத்திரத்துக்குப் புராணம் கட்டலாமா?

கௌரி

அன்புள்ள கௌரி,

கடலம்மா கதை நான் கட்டியதுதான். நாளைக்கு யாரும் அதைக் காசிமேட்டுப் பழங்கதை என்று எடுத்துச் சொல்லிவிடக் கூடாது, அதனால் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆனால் ‘மூக்குத்தி அடகுல இருக்கு’ என்ற பேச்சு நான் கட்டியதல்ல.

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். மீன் முட்டையிடும் பருவம். படகு கரையில் நின்றால் கரையில் இருக்கிறவர்களுக்கும் பிழைப்பு இல்லை. எனக்குப் பழக்கமான ஆயா ஒருவர் கூடையில் மீன் விற்கிறவர். ஒரு மே மாதம் பார்க்கப் போனபோது அவர் மூக்கில் மூக்குத்தி இருந்த இடத்தில் சின்னதாக ஒடித்த ஈர்க்குச்சி இருந்தது. “தொள தூந்துடக் கூடாதில்ல? மூட்டுட்டு வந்தா போடணுமே” என்றார். என் நட்சத்திரம் பிறந்தது அந்த ஈர்க்குச்சியிலிருந்துதான்.

மார்கழி விஷயம் பிழையல்ல. அந்த நட்சத்திரத்துக்கு இரண்டு மறைவுகள். முதலாவது சூரியனால் வருவது. மூக்குத்தி மீனை நான் ரோகிணி நட்சத்திரத்துக்கு நேர் தெற்கே வைத்தேன். தை மாதம் இரவு ஒன்பது மணிவாக்கில் ரோகிணி ஏறத்தாழ தலைக்கு மேல் வரும். அப்போது மூக்குத்தி மீன் தெற்கு அடிவானத்திலிருந்து 14 டிகிரி உயரத்தில் நிற்கும். கையை நீட்டி முஷ்டியை மடக்கினால் ஒன்றரை முஷ்டி உயரம். கத்திரி வெயில் முடிகிறபோது சூரியன் ரோகிணியில் இருக்குமல்லவா? அந்த நாட்களில் அது பகலோடு உதித்துப் பகலோடு போய்விடும். சித்திரையில் மாலை வெளிச்சத்தில் கரைந்தால், ஆடி விடியலில்தான் மறுபடி பார்க்கலாம். தடைக்காலம் முழுக்க வானத்தில் மூக்குத்தி இருக்காது. இதைக் கணக்குப் போட்டுப் பார்த்த அன்று எனக்குத் தூக்கமே வரவில்லை.

இரண்டாவது மறைவு அதன் சொந்தக் குணம். வயதாகி ஊதிப்போன சிவப்பு நட்சத்திரங்களில் ஒரு வகை உண்டு. மூச்சு விடுவதுபோல விரிந்து சுருங்கும். வெளிப்புறம் குளிரும்போது டைட்டானியம் ஆக்சைடு உருவாகி ஒளியை விழுங்கும், நூறு மடங்குக்கு மேல் மங்கிவிடும். அணைந்துபோவதில்லை, துளை தூர்ந்துபோகாமல் இருக்கிறது, அவ்வளவுதான். இப்படி ஒளி கூடிக் குறைகிற மீரா என்ற நட்சத்திரத்தை 1596இல் ஃபாப்ரிசியஸ் என்பவர் பதிவு செய்தார். அதன் சுற்று சுமார் 332 நாள். நான் மூக்குத்தி மீனுக்கு 280 நாள் கொடுத்தேன். வருஷக் கணக்கோடு ஒட்டாது; ஒவ்வொரு வருஷமும் 85 நாள் முன்னால் வரும். அதனால் ஒரு வருஷம் மங்கல் மார்கழியில் விழுகிறது. தடைக்கால அடகு எல்லோரும் எதிர்பார்ப்பது, இது திடீர்ச் செலவுக்கு வைத்த அடகு. ஆயாவிடம் இந்த நாள்கணக்கைச் சொன்னேன். விரல் விட்டு எண்ணிப் பார்த்து, “பத்து மாசமா? அப்போ புள்ள பெத்துட்டு வருது” என்றார். கதை எழுதும்போது எனக்கு இது தோன்றவே இல்லை.

280 என்ற எண்ணை நான் எங்கிருந்து எடுத்தேன் என்பதையும் சொல்ல வேண்டும். நுங்கம்பாக்கத்தில் இருந்த மதராஸ் வானாய்வகத்தில் வேலை பார்த்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி, 1867இல் ஒளி மாறும் நட்சத்திரம் ஒன்றைக் கண்டுபிடித்தார். ஆர் ரெட்டிகுலி என்று பெயர். அதன் சுற்று கிட்டத்தட்ட 280 நாள். ரெட்டிகுலம் என்பது 18ஆம் நூற்றாண்டில் லக்காய் என்ற பிரெஞ்சு வானியலாளர் தொலைநோக்கிக் கண்ணாடியில் இருக்கும் கட்டக் கோடுகளை நினைத்து, அந்த நட்சத்திரம் இருக்கும் நட்சத்திரக் கூட்டத்துக்கு வைத்த பெயர். லத்தீனில் அந்தச் சொல்லுக்குப் பொருள் சிறு வலை. நம் ஊரில் இருந்துகொண்டு ஒரு மனிதர் வலைக்குள்ளிருந்து ஒரு மீனைப் பிடித்திருக்கிறார்! காசிமேட்டில் எத்தனை பேருக்கு அவர் பெயர் தெரியும்? பள்ளியில் எனக்கு யாரும் சொல்லவில்லை. என் நட்சத்திரத்தை அதே இடத்தில் வைத்து, கண்ணுக்குத் தெரிகிற அளவு வெளிச்சம் கூட்டினேன். நான் சேர்த்த பொய் அந்த வெளிச்சம் மட்டும்தான்.

புராணம் கட்டலாமா என்று கேட்டீர்கள். சங்கப் பாடல்களில் வடமீன் என்று வருவது அருந்ததி. கல்யாணத்தில் அருந்ததி பார்க்கச் சொல்லும்போது பெரும்பாலும் பட்டப்பகல். ராயபுரத்தில் என் தங்கை கல்யாணத்தில் மண்டபத்து வாசலில் நின்று வெயிலில் கண் கூச நிமிர்ந்து பார்த்தாள். தெரிந்ததா என்று கேட்டதற்குத் தலையாட்டினாள். அவள் பொய் சொன்னதாக நான் நினைக்கவில்லை.

தையில் ஒருநாள் பழவேற்காடு பக்கம் போக முடிந்தால் பைனாகுலர் எடுத்துக்கொண்டு போங்கள். தெற்கே பளிச்சென்று நிற்பது அகத்தியர். அவருக்கு வலப்பக்கம், சற்றுக் கீழே தேடுங்கள். ஆச்சாரியின் நட்சத்திரம் உச்ச ஒளியில் இருந்தால் ஒரு பொட்டாகத் தெரியலாம். தெரியாவிட்டால் அடுத்த தைக்கும் போய்ப் பாருங்கள்.