பழைய படச்சுருளும் புதிய ஆவணப்படமும்: வாசகர் கேள்வி பதில்

கே: முதல் உலகப் போர்க் காட்சிகளில் வீரர்கள் ஓட்டமும் நடையுமாகப் போகிறார்கள். எடிட்டிங்கில் வேகத்தை எத்தனை சதவீதம் வைத்தால் சரியாகும்? (கோவை வாசகர்)

ப: முதலில் அந்த ஃபைலை ஒவ்வொரு ஃபிரேமாக, அதாவது ஒவ்வொரு தனிப் படமாக, நகர்த்திப் பாருங்கள். ஒரே ஃபிரேம் இடையிடையே இரண்டு முறை வந்தால், வேகத்தை யாரோ ஏற்கெனவே சரிசெய்துவிட்டார்கள். நீங்களும் குறைத்தால் ஆட்கள் தண்ணீருக்குள் நடப்பதுபோல் ஆகிவிடும்.

அப்படி வராவிட்டால் கணக்குப் போடலாம். அன்றைய கேமராவில் கைப்பிடியை ஒரு சுற்றுச் சுற்றினால் 8 ஃபிரேம். நொடிக்கு 2 சுற்று, ஆக நொடிக்கு 16 ஃபிரேம். உங்கள் எடிட்டிங் டைம்லைன் நொடிக்கு 25 ஃபிரேம் என்றால் வேகம் 64 சதவீதம். ஆனால் கையால் சுற்றியதாயிற்றே, ஒரே ரீலுக்குள்ளேயே வேகம் கூடும், குறையும். அணிவகுப்புக் காட்சி இருந்தால் அதைவிட நல்ல அளவுகோல் இல்லை. பிரிட்டிஷ் படை நிமிடத்துக்கு ஏறக்குறைய 120 எட்டு வைத்து நடக்கும். அதாவது 10 எட்டுக்கு 5 நொடி. அதற்கு 80 ஃபிரேம் என்றால் நொடிக்கு 16. 90 என்றால் 18, அதற்கு 72 சதவீதம்.

வேகத்தைக் குறைக்கும்போது இடைவெளியை நிரப்ப மென்பொருள் தரும் ஃபிரேம் பிளெண்டிங், ஆப்டிகல் ஃப்ளோ இரண்டையும் அணைத்துவிடுங்கள். முதலாவது கை கால்களை இரட்டை இரட்டையாகக் காட்டும். இரண்டாவது, கேமரா பதிவே செய்யாத அசைவைப் புதிதாக உண்டாக்கும். வரலாற்றுப் படத்தில் அதற்கு இடமே இல்லை.

கே: 1917 ரஷ்யப் புரட்சி பற்றிய படத்தில், குளிர்கால அரண்மனைக்குள் கூட்டம் பாய்ந்து நுழையும் காட்சியைச் சேர்க்கலாமா? (மதுரை வாசகர்)

ப: அன்று நடந்ததற்குச் சான்றாகச் சேர்க்கக் கூடாது. புரட்சியின் 10-ஆம் ஆண்டு நிறைவுக்காக சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டைன் 1927-இல் பெருங்கூட்டத்தை வைத்துப் படமாக்கிய 'அக்டோபர்' படத்தின் காட்சி அது. சேர்த்தே ஆகவேண்டுமென்றால் '1927-இல் எடுத்த திரைப்படக் காட்சி' என்ற எழுத்து அந்த ஷாட் ஓடும்போதே திரையில் இருக்கட்டும். கடைசியில் ஓடும் பெயர்ப்பட்டியலில் போட்டால் யாரும் படிக்கமாட்டார்கள்.

எந்தப் போர்க் காட்சியைப் பார்த்தாலும், கேமராக்காரர் எங்கே நின்றிருப்பார் என்று கேளுங்கள். எதிரிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு முக்காலி போட்டு நின்றிருக்க முடியுமா? பிரான்சில் நடந்த சோம் போரைப் பற்றி 1916-இல் வெளியான பிரிட்டிஷ் படத்தில், பதுங்குகுழியிலிருந்து ஏறும் வீரர்கள் சரிந்து விழும் புகழ்பெற்ற காட்சி, போர்முனைக்குப் பின்னால் நடித்து எடுத்தது. அதே படத்தில் வரும் ஹாதார்ன் மேட்டுக் கண்ணிவெடிப்போ, ஜூலை 1 அன்று நேரில் எடுத்த உண்மைக் காட்சி. ஆகவே ஒரு படம் முழுவதையும் நம்பவோ தள்ளவோ வேண்டாம். ஷாட் ஷாட்டாகச் சோதியுங்கள்.

ஆவணக்காப்பகத்திடம் சுருளின் ஓரமும் தெரியும்படி ஸ்கேன் கேளுங்கள். கோடாக் சுருளின் ஓரத்தில் உள்ள வட்டம், சதுரம், முக்கோணக் குறிகள் அந்தச் சுருள் தயாரான ஆண்டைச் சொல்லும். ஆனால் 20 ஆண்டுக்கு ஒருமுறை அதே குறி திரும்ப வரும்: 1917-க்கும் 1937-க்கும் ஒன்றுதான். அதோடு, அது பிரதி எடுத்த சுருளின் ஆண்டாகவும் இருக்கலாம்.

கே: 4:3 (அகலம்:உயரம்) காட்சியை 16:9 திரைக்கு எப்படிப் பொருத்துவது? (சேலம் வாசகர்)

ப: பக்கவாட்டில் இழுத்தால் ஆட்கள் பருத்துவிடுவார்கள். பெரிதாக்கி நிரப்பினால் உயரத்தில் கால் பங்கு வெட்டுப்படும். இருபுறமும் கறுப்பாகவே விட்டுவிடுங்கள்.